அவன் எதற்காகத் திரும்பி வந்தான்? நாகர்கோவிலுக்கு ஒரு சாட்சியின் பயணம்

இந்த முறை என்னைப் பயணத்துக்குக் கிளப்பியது ஆசை அல்ல, ஒரு சம்மன். நாகர்கோவிலில் உள்ள இளைஞர் நீதிக் குழுமத்தின் முன் புதன்கிழமை காலை பத்தரை மணிக்குச் சாட்சி சொல்ல வர வேண்டும் என்று மதுரையில் என் வீட்டுக்கே காவலர் ஒருவர் கொண்டுவந்து கொடுத்தார். பதினெட்டு வயது நிரம்பாதவர்கள் மீதான வழக்குகளை விசாரிக்கும் இடம் அது. என்னைப் போல அங்கே போக நேர்கிறவர்களுக்குத் தமிழில் ஒரு குறிப்பாவது இருக்கட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன். சிறுவனை அடையாளம் காட்டக்கூடிய எதையும் எழுதச் சட்டம் அனுமதிப்பதில்லை. அதனால் சம்பவம் நடந்த இடத்தையும் சில விவரங்களையும் மாற்றியிருக்கிறேன். பேருந்து நேரங்கள் உண்மை.

நடந்தது இதுதான். பதினான்கு மாதங்களுக்கு முன் பேச்சிப்பாறை அணையைப் பார்த்துவிட்டுத் தனியாக ரோட்டோரம் நடந்து வந்துகொண்டிருந்தேன். பின்னாலிருந்து ஒரு பைக் வந்தது. பின்சீட்டில் இருந்தவன் என் தோள்பையைப் பிடித்து இழுத்தான். பையின் வார் அறுவதற்குள் நான் விழுந்து நாலடி தூரம் இழுபட்டேன். கேமரா போனது. வலது மணிக்கட்டு உடைந்தது. நான் ஆய்வகத்தில் ரத்தம் எடுக்கும் வேலை செய்பவள். உள்ளே தகடு வைத்து, மூன்று மாதம் கழித்துத்தான் ஊசியைக் கையில் பிடித்தேன்.

வண்டி ஓட்டியவனுக்கு இருபத்தொரு வயது. அவன் வழக்கு வேறு நீதிமன்றத்தில் நடக்கிறது. பின்னால் இருந்தவனுக்கு அப்போது பதினாறு.

செவ்வாய்க்கிழமை காலை 5.40க்கு மாட்டுத்தாவணியில் அரசு விரைவுப் பேருந்து ஏறினேன். கட்டணம் 240 ரூபாய், தூரம் சுமார் 245 கிலோமீட்டர். ஆரல்வாய்மொழி தாண்டி வயல்கள் தெரியும்போது வழக்கமாக ஜன்னலைத் திறந்துவிடுவேன். இந்த முறை கையை மடியில் வைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தேன். 11.10க்கு வடசேரி. பேருந்து நிலையத்துக்குப் பின்னால் ஒரு லாட்ஜில் தனி அறை 650 ரூபாய்க்குக் கிடைத்தது. வெந்நீர் காலையில் மட்டும்.

ஒரு நாள் முன்னதாகவே வந்ததற்குக் காரணம் உண்டு. ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்தபடி போலீசுக்குச் சொன்ன வாக்குமூலத்தின் நகலை வீட்டில் எடுத்துப் படித்தேன். “பின்னால் இருந்தவன் வண்டியிலிருந்து இறங்கி என்னை அடிக்க ஓடி வந்தான். நான் கூச்சல் போட்டதும் ஓடிவிட்டான்” என்று அதில் இருந்தது. என் வார்த்தைகள்தான். ஆனால் அந்த இடம் மனதில் கலங்கலாகத்தான் இருந்தது. ஒரு தடவை நேரில் நின்று பார்த்துவிட வேண்டும் என்று தோன்றியது.

12.25க்குக் குலசேகரம் போகும் சாதாரணப் பேருந்து. பெண்களுக்குக் கட்டணம் இல்லை. ஒன்றே கால் மணி நேரம் ஆனது. அங்கிருந்து ஆட்டோவுக்குப் போக வர, காத்திருப்பு சேர்த்து 350 ரூபாய். ஓட்டுநர் ஐம்பது வயது இருக்கும். எதற்கு வந்தேன் என்று கேட்டார், சொன்னேன்.

“நல்லா சாட்சி சொல்லிட்டுப் போங்கம்மா. சின்னப் பிள்ளையோன்னு சொல்லி விட்டுவிட்டுதான் இவனுவ தலையில ஏறுதானுவ. மொபைலும் பைக்கும் கைல கெடச்சா போரும், பின்ன வீடு என்ன, ஊரு என்ன?”

“உங்களுக்குப் பசங்க இருக்காங்களா?”

“ரெண்டு பேரு. மூத்தவனுக்கு பதினேழு.” ஒரு வளைவில் ஹாரன் அடித்துத் திரும்பினார். “அவன் இப்பம் எங்க நிக்குதான்னு கேட்டா எனக்குத் தெரியாதும்மா, பாத்துக்கிடுங்க.”

அந்த இடத்தில் இறங்கினேன். சின்ன இறக்கம், இருபுறமும் ரப்பர் மரங்கள், ஒவ்வொன்றிலும் பால் வடியச் சிரட்டை கட்டியிருந்தது. நான் விழுந்த இடத்திலிருந்த மைல்கல் அப்படியே இருந்தது. பைக் போய் நின்ற வளைவு வரை நடந்து எண்ணினேன். இருபத்தாறு காலடி. நினைவில் அது ஐந்தாறு காலடியாகச் சுருங்கிப்போயிருந்தது.

அங்கே நின்றபோதுதான் இன்னொன்றும் தெளிந்தது. என் பை ஏற்கெனவே ஓட்டியவனின் மடியில் இருந்தது. பின்னால் இருந்தவன் வெறுங்கையோடுதான் இறங்கி வந்தான்.

புதன்கிழமை 10.15க்கே போய்விட்டேன். வடசேரியிலிருந்து ஆட்டோவுக்கு 80 ரூபாய். நீதிமன்றம் என்றால் கூண்டு, உயர்ந்த மேடை, கறுப்புக் கோட்டுக் கூட்டம் என்று நினைத்துப் போகிறவர்கள் ஏமாந்துபோவார்கள். வராந்தாவில் இரண்டு பெஞ்சுகள். சீருடையில் ஒரு போலீஸ்காரர்கூட இல்லை. காவலர்களும் சாதாரணச் சட்டை போட்டு வந்திருந்தார்கள். எதிர்ப் பெஞ்சில் ஒல்லியாக ஒரு பையன், அரும்பு மீசை, பக்கத்தில் அவனுடைய அம்மா. நான் மனதில் பதினான்கு மாதமாக அடித்துக்கொண்டிருந்த ஆள் இவனைவிட ஒரு முழம் உயரம்.

11.40க்கு அழைத்தார்கள். ஒரு நீளமான மேசை. நடுவில் மாஜிஸ்திரேட், இரு பக்கமும் சமூகப் பணியில் உள்ள இரண்டு உறுப்பினர்கள். பையனும் அதே மேசையைச் சுற்றித்தான் உட்கார்ந்தான். நன்னடத்தை அலுவலரான ஒரு அம்மா அவன் வீட்டுக்குப் போய் விசாரித்து எழுதிய அறிக்கையை வாசித்தார். அப்பா வளைகுடா நாட்டுக்குப் போனவர், இரண்டு வருடமாகப் பேச்சில்லை. அம்மா ரப்பர் பால் வெட்டும் தொழிலாளி, விடியற்காலை நாலரைக்கு வீட்டை விட்டுப் போய்விடுவார். பையன் பத்தாம் வகுப்பில் பாதியில் நின்றவன். பைக் ஓட்டியவன்தான் அவனை வேலைக்குக் கூட்டிப்போவதும் சாப்பாடு வாங்கிக் கொடுப்பதும்.

ஓர் உறுப்பினர் கேட்டார்: “இதுல எது காரணம்னு நினைக்கிறீங்க?”

“ஒண்ண மட்டும் காரணம்னு சொல்ல மாட்டேன் சார்,” என்றார் அந்த அலுவலர். “அவனுக்கு நேர் தங்கச்சி ஒருத்தி இருக்கா. அதே வீடு, அதே கஷ்டம். அவ ஒழுங்கா பள்ளிக்கூடம் போறா. கஷ்டத்தோட இந்தக் கூட்டும் சேர்ந்தது, அந்த நேரத்துல கேக்க ஆளில்லாமப் போச்சு. பிடிபட்ட பெறவு ஊரே கள்ளன்னு விளிக்கிது. நான் இப்பம் பயப்படுறது அதுக்குத்தான்.”

பிறகு என் முறை. விழுந்ததுவரை சொன்னேன். பையனுக்காக இலவசச் சட்ட உதவியில் வந்திருந்த வக்கீல் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்.

“அடிக்க வந்தான்னு எதை வச்சு சொல்றீங்கம்மா?”

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. கை உடைந்தது எனக்கு. வலது மணிக்கட்டை இடது கையால் பிடித்துக்கொண்டேன். மாஜிஸ்திரேட் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். அந்தப் பையன் தலையைத் தூக்கவே இல்லை.

“அவன் இறங்கி வந்ததைப் பார்த்தேன்,” என்றேன். “கையில ஒண்ணும் இல்லை. ரெண்டு கையும் விரிஞ்சு முன்னால நீண்டிருந்தது. அடிக்க வர்றான்னு நான் நினைச்சேன். எதுக்கு வந்தான்னு எனக்குத் தெரியாது.”

சொல்லும்போதே அவனுக்கு ஏதோ விட்டுக்கொடுப்பது போல இருந்தது. ஆனால் பார்த்தது அவ்வளவுதான்.

மாஜிஸ்திரேட் பையனிடம் கேட்டார். அவன் குரல் அந்த மேசையைத் தாண்டவில்லை. “தூக்கி விடலாம்னுதான் வந்தேன். அவிய கூவினாவ. அவன் வண்டியை எடுத்துட்டான். எனக்குப் பயம், பேடிச்சு ஓடிப்போனேன்.”

“பையைப் பிடிச்சு இழுத்தது?”

“நான்தான்.”

உண்மையாக இருக்கலாம். வக்கீல் சொல்லிக் கொடுத்ததாகவும் இருக்கலாம். எனக்கு இன்றுவரை தெரியாது.

மூன்று மணிக்கு உத்தரவு வாசித்தார்கள். சிறுவர்களை அடைத்து வைக்கும் சிறப்பு இல்லத்துக்கு அனுப்பவில்லை. அம்மாவின் பொறுப்பில் வீட்டில் இருக்க வேண்டும், ஒரு வருடம் நன்னடத்தை அலுவலரின் கண்காணிப்பு, ஆறு மாதம் வாரம் ஒரு நாள் சமூக சேவை, ஐ.டி.ஐ.யில் சேர்ந்து படிக்க வேண்டும். ஆரம்பத்தில் மூன்று வாரம், விசாரணையின்போது வைத்திருக்கும் கூர்நோக்கு இல்லத்தில் இருந்ததையும் கணக்கில் எடுத்துக்கொண்டார்கள். எனக்கு முழு நிம்மதி என்று சொன்னால் பொய். இவ்வளவுதானா என்று ஒரு மனம் கேட்டது. அவனை உள்ளே வைத்திருந்தால் என் மணிக்கட்டு நன்றாகத் திரும்புமா என்று இன்னொரு மனம் கேட்டது.

வராந்தாவில் செருப்பு மாட்டும்போது அவனுடைய அம்மா வந்து நின்றார். பால் கறை ஏறிக் கறுத்த விரல்கள்.

“அக்கா, கையைப் பொக்க முடியுதா?” என்று தன் கையைத் தோளுக்கு மேல் தூக்கிக் காட்டினார்.

தூக்கிக் காட்டினேன். மணிக்கட்டு முழுதாகத் திரும்பாது, அதையும் காட்டினேன். அவர் அந்தத் தழும்பையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“அவனுக்கு வேண்டி நான் ஒண்ணும் சொல்ல வரல்லை. எனக்க மவன் செய்தது. கை எப்படி இருக்குன்னு கேக்கணும்னு இத்தற நாளும் மனசுல கெடந்து உருண்டுது. ஆரிட்ட கேக்க?”

பையன் நாலடி தள்ளி நின்றான். நான் அவனைப் பார்த்து, “படி,” என்று மட்டும் சொன்னேன். தலையசைத்தான். 4.30 பேருந்தில் மதுரைக்குத் திரும்பினேன்.

உத்தரவுக்குப் பிறகு நன்னடத்தை அலுவலர் சொன்னது வழியில் நினைவுக்கு வந்தது. இப்படிப்பட்ட வழக்கில் மேல்முறையீட்டுக் காலம் முடிந்ததும் பதிவுகளை அழித்துவிட வேண்டும், பின்னாளில் வேலைக்கோ படிப்புக்கோ இது குறுக்கே நிற்கக் கூடாது என்பது சட்டம். கை கட்டுப் போட்டிருந்த நாட்களில் இதே வலைப்பூவில் அந்தச் சம்பவத்தைக் கொதித்து எழுதியிருந்தேன். ஊர்ப் பெயர், தேதி, வண்டியின் நிறம் எல்லாம் அதில் இருந்தன. கீழே அவன் கையை வெட்ட வேண்டும் என்று நாற்பது பேர் எழுதியிருந்தார்கள். கோவில்பட்டி தாண்டும்போது அதை நீக்கினேன். தேடி வந்து இல்லையே என்று கேட்பவர்களுக்கு இதுதான் விளக்கம்.

போகிறவர்களுக்குச் சில குறிப்புகள். சம்மனும் ஆதாரும் அசலாகக் கொண்டுபோங்கள். நேரம் பத்தரை என்றாலும் மதியம் ஆகும், திரும்பும் டிக்கெட்டை முன்கூட்டியே போடாதீர்கள். உள்ளே செல்போனை அணைத்துவிட வேண்டும். துணைக்கு வருபவர் வெளியில்தான் இருக்க முடியும். பையனின் வீட்டைத் தேடிப் போகாதீர்கள், நல்ல எண்ணத்தில்கூட வேண்டாம். ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் நன்னடத்தை அலுவலர் வழியாகச் சொல்லுங்கள்.

போகும் முன், கண்ணால் பார்த்ததை ஒரு தாளிலும், நடந்ததாக நினைப்பதை இன்னொரு தாளிலும் எழுதிப் பாருங்கள். நான் வீடு வந்த பிறகுதான் எழுதினேன். முதல் தாளில் நான்கு வரி. இரண்டாவதில் இரண்டு பக்கமும் நிறைந்துவிட்டது.