செவ்வாய்க்கிழமையைத் தேடிய அந்தோணிசாமி

சனிக்கிழமை காலை ஏழு மணிக்குப் போன் வந்தது. அந்தோணிசாமி தூக்கத்திலேயே போய்விட்டார் என்றார்கள். நான் நம்பவில்லை. யார் பார்த்தது, டாக்டர் வந்தாரா என்று இரண்டு முறை கேட்டேன். எதையும் ஒரே தடவையில் நம்பாத இந்தப் புத்தி, சுரங்கத்து டைம் ஆபீசில் இருபது வருடம் அவருக்கு எதிர் மேஜையில் உட்கார்ந்ததில் ஒட்டிக்கொண்டது.

இந்த இரங்கல் கூட்டத்துக்கு வந்திருக்கும், அவரைத் தெரிந்த உங்களுக்கு நான் புதிதாகச் சொல்ல என்ன இருக்கிறது? வருகைப் பதிவேட்டில் ஒரு கட்டம் காலியாக இருந்தால் மனிதருக்குச் சோறு இறங்காது. "ஆப்சென்ட்டுக்கு ஒரு காரணம் இருக்கும். காரணம் சொல்லலன்னா அதுக்கும் ஒரு காரணம் இருக்கும்" என்பார். உங்களில் பாதிப் பேராவது அவரிடம் மாட்டியிருப்பீர்கள்.

நானும் மாட்டினேன். என் மகள் ஸ்டெல்லாவுக்கு, கப்பலில் இன்ஜினியராக இருந்த ஜெரால்டைப் பேசி முடித்திருந்தோம். கப்பல் வாழ்க்கை எப்படி என்று நான் கேட்டதற்காக, அமெரிக்காவிலிருந்து ஜப்பான் போகும் வழியில் தினம் ஒரு பத்தியாக எழுதி, கரையிறங்கியதும் எனக்குத் தபாலில் போட்டிருந்தார் மாப்பிள்ளை. பெருமை தாங்காமல் ஆபீசுக்கு எடுத்துப் போனேன். அந்தோணிசாமி கண்ணாடியை மாட்டிக்கொண்டு படித்தார்.

"திங்கக்கிழமைக்கு அடுத்தது புதன்கிழமை இருக்குது. செவ்வாக்கிழம எங்கங்க?"

"எழுத மறந்திருப்பார்."

"மத்த நாளெல்லாம் மறக்காதவரு அன்னிக்கு மட்டும் ஏன் மறந்தாரு? குடிச்சிட்டுக் கெடந்தாரா, வலிப்பு கிலிப்பு வருதா, விசாரிங்க."

வரும் ஞாயிறு கோயிலில் முதல் ஓலை வாசிக்க வேண்டும். இந்தத் திருமணத்துக்குத் தடை தெரிந்தவர்கள் சொல்லலாம் என்று சாமியார் சபையைக் கேட்கும் ஓலை. நான் போய், கொஞ்சம் நிறுத்தி வையுங்கள் சாமி என்றேன். ஸ்டெல்லா என்னோடு பேச்சை விட்டாள். ஜெரால்டோ மறுபடி கடலில், கேட்கவும் வழியில்லை.

அப்போதுதான் எனக்கு இன்னொன்று உறைத்தது. அந்தோணிசாமியின் அக்கா மகன் சுரங்கத்தில் பெர்மனென்ட் ஆகி, பெண் தேடிக்கொண்டிருந்தான். ஓகோ, சங்கதி இதுதானா என்று நினைத்தேன். அதன் பிறகு அவர் கொடுத்த டீயைக்கூட நான் குடிக்கவில்லை.

வியாழக்கிழமை அவர் லீவு போட்டார். அவர் லீவு போட்டு யாரும் பார்த்ததில்லை. சனிக்கிழமை மாலை ஒரு காகிதத்தோடு வீட்டுக்கு வந்தார். டவுன்ஷிப் நூலகத்தில் அட்லஸைப் பார்த்து, பசிபிக் பெருங்கடலைப் பென்சிலால் வரைந்திருந்தார். அட்லஸையும் நம்பாமல் பூகோள வாத்தியார் இருவரைத் தனித்தனியாக விசாரித்தாராம்.

"மேக்க போவப்போவ கப்பல்ல கெடியாரத்த ஒவ்வொரு மணியாப் பின்னாடி தள்ளிக்கினே போறாங்க. அப்பிடியே உலகத்தச் சுத்தினா தேதி ஒரு நாள் பின்தங்கிப் போவும். அதுக்குத்தான் நடுக்கடல்ல இந்தத் தேதிக் கோடு. மேக்க தாண்டினா ஒரு நாள அடிச்சிடணும். நம்ம நைட் ஷிப்ட்டுக்கு எந்தத் தேதி போடுறதுன்னு நாம ஒரு வழி வச்சிருக்கோம்ல, அது மாதிரிதான். பையன் மேல தப்பில்லீங்க. ஓலைய வாசிக்கச் சொல்லுங்க."

கிளம்பும்போது வாசலில் நின்று, "ஆனா இந்தக் கோடு நேராப் போவல. தீவு வந்தா வளையுது. அது ஏன்னுதான் தெரியல" என்றார்.

அந்த ஞாயிறே ஓலை வாசித்தார்கள். கப்பல் அமெரிக்கா திரும்பியபோது எழுதிய கடிதத்தில் இரண்டு வெள்ளிக்கிழமை இருந்தது. அதைப் பார்த்த பிறகுதான் அந்தோணிசாமியின் முகம் முழுசாகத் தெளிந்தது. கல்யாணப் பந்தியில் சாம்பார் வாளியோடு ஓடியவன் அந்த அக்கா மகன்தான். எனக்கு வெட்கமாக இருந்தது. அவரைச் சந்தேகப்பட்டதை அவரிடம் அன்றைக்கும் சொல்லவில்லை, பிறகும் சொல்லவில்லை.

இறப்பதற்கு முந்தின நாள், வெள்ளிக்கிழமை மாலைகூட, என் வீட்டில் ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தார். மழையைப் பற்றிப் பேசினோம்.

மறுநாள் காலை, செய்தி கேட்டு மாப்பிள்ளை பசிபிக்கிலிருந்து பேசினார். "இங்க இன்னும் வெள்ளிக்கிழமதான் மாமா" என்று அழுதார்.

அந்தப் பென்சில் கடல் என்னிடம் இருக்கிறது. அந்தக் கோட்டைக் கிழக்கே தாண்டினால் ஒரு நாள் திரும்பக் கிடைக்கும் என்று அவர்தான் கண்டுபிடித்துக் கொடுத்தார். அந்த வெள்ளிக்கிழமை எனக்குத் திரும்பக் கிடைத்தால் அவரிடம் சொல்லிவிடுவேனா? அதிலும் எனக்குச் சந்தேகம்தான்.