கடைசிக் கல்லும் ஈரத் தரையும்

அந்த மருத்துவமனையில் அவள் முதுகுக்குப் பின்னால் எல்லோரும் அவளைப் 'பலகை அக்கா' என்றுதான் சொல்வார்கள். அவளுக்கு அது தெரியும், தெரிந்ததாகக் காட்டிக்கொண்டதில்லை. துப்புரவுப் பிரிவில் பத்தொன்பது வருடம், அதில் கடைசி ஏழு வருடம் சூப்பர்வைசர். பலகை என்பது ஈரத் தரையில் விரித்து வைக்கும் மஞ்சள் பிளாஸ்டிக் பலகை. வழுக்கி விழும் மனிதன் ஒருவன் அதில் கையைக் காலை விரித்தபடி நிரந்தரமாக விழுந்துகொண்டிருப்பான்.

அவளிடம் மூன்று சட்டங்கள் இருந்தன. தரை ஈரமாக இருந்தால் பலகை இருக்க வேண்டும். தரை காய்ந்துவிட்டால் பலகை இருக்கக் கூடாது. ஈரத்தில் யாரும் கால் வைக்கக் கூடாது, துடைத்தவரும் சேர்த்து. நடுச் சட்டம்தான் மற்றவர்களுக்குப் புரியாது. பலகையை எடுத்துவைக்கச் சோம்பல்பட்டு விட்டுப் போகிறவர்களை நிற்கவைத்துக் கேட்பாள்: "காஞ்ச தரையில பலகை வெச்சா அது பொய் இல்லையா? இன்னிக்கு பொய்னு தெரிஞ்சுட்டா, நாளைக்கு நெஜமாவே ஈரமா இருக்கும்போது எவன் மதிப்பான்?"

இந்தச் சட்டங்களை யாரும் அவளுக்கு எழுதித் தரவில்லை. அடுத்தவர் போட்ட சட்டத்தில் ஒரு சந்து பொந்து இருக்கும். நாமே நமக்குப் போட்டுக்கொண்டதில் அதுவும் இருக்காது.

அப்படிப்பட்டவள் இரண்டு வாரம் ஒரு விளையாட்டின் பின்னால் அலைந்தாள் என்று சொன்னால் அவள் வீட்டிலேயே நம்பவில்லை.

உலகக் குளிர்கால விளையாட்டுப் போட்டிகள் தொடங்கிய இரண்டாம் நாள், காத்திருப்போர் கூடத்தின் ஜன்னல்களைச் சரிபார்த்துக்கொண்டிருந்தபோது டிவியில் அதைப் பார்த்தாள். ஒருத்தி மண்டியிட்டபடி ஒரு கனத்த கல்லைப் பனித்தரையில் தள்ளி விடுகிறாள். அதற்கு முன்னால் இரண்டு பெண்கள் நீளக் கம்புத் துடைப்பானால் தரையை உயிரைக் கொடுத்துத் தேய்த்துக்கொண்டே ஓடுகிறார்கள். தேய்த்தால் கல் தூரம் போகிறது. நிறுத்தினால் சோர்ந்து வளைகிறது. கல்லைத் தொடாமலே அதைக் கொண்டுபோய்ச் சேர்க்கிறார்கள். வர்ணனையாளர் அந்த விளையாட்டைக் கர்லிங் என்றார். அவள் ஜன்னலை விட்டுவிட்டு நின்றாள். சிவப்புச் சட்டை அணியில் குட்டையாக ஒருத்தி, மணிக்கட்டில் கட்டுப் போட்டுக்கொண்டு, உடம்பின் முழுப் பாரத்தையும் கம்பில் இறக்கித் தேய்த்தாள். அந்தப் பிடி சரியான பிடி. மேல் கை தளர்ந்து, கீழ்க் கை இறுகி. பத்தொன்பது வருடத்தில் அப்படிப் பிடிப்பவர்கள் மூன்று பேரை அவள் பார்த்திருக்கிறாள்.

வீட்டில் சொன்னபோது மகள் விழுந்து விழுந்து சிரித்தாள். "அம்மா, பெருக்குறதுக்கு மெடல் குடுக்குறாங்களா? நீ எப்பவோ வாங்கியிருக்கணுமே!"

"அவங்க பெருக்கல. வழி பண்றாங்க" என்றாள் அவள்.

சிவப்புச் சட்டை அணி ஒவ்வொரு ஆட்டமாகத் தாண்டி இறுதி ஆட்டத்துக்கு வந்தது. போட்டிகளின் கடைசி நாள், ஞாயிற்றுக்கிழமை, காலை ஒன்பதரைக்கு. அவளுக்கு ஆறு மணியிலிருந்து இரண்டு மணி வரை வேலை. மாற்றிக்கொள்ளலாம் என்றால், ஒரே வாரத்துக்குள் முறை மாற்றக் கூடாது என்று அட்டவணையின் அடியில் எழுதி வைத்தவளே அவள்தான். வேலை நேரத்தில் போன் லாக்கரில் இருக்கும்.

"சாயங்காலம் வந்து நிதானமா பாரேன். எங்கயும் ஓடிப் போயிடாது" என்றார் கணவர்.

"முடிவு தெரிஞ்சப்புறம் பாக்கறது பாக்கறதாங்க? அது சரிபாக்கறது. அதைத்தான் நான் நாள் முழுக்கப் பண்றேன்."

கடைசிக் கல் நிற்கும்போது தானும் அதைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும். அவளுக்கு வேண்டியது அவ்வளவுதான். இந்த வயதில் ஒரு ஆசை வந்தால் அதை மறைக்கக்கூடத் தெரிவதில்லை.

யோசித்து ஒரு திட்டம் போட்டாள். ஞாயிற்றுக்கிழமை காத்திருப்போர் கூடத்துக்கு வாராந்தரக் கழுவல் உண்டு. வழக்கமாகப் பன்னிரண்டு மணிக்கு. அதைப் பத்தரைக்குக் கொண்டுவந்தாள். கூடத்தை மூடிவிட்டால் பாட்டு வை, செய்தி வை என்று சேனலை மாற்ற யாரும் வரமாட்டார்கள். துடைக்கும் வேலையைத் தானே எடுத்துக்கொண்டாள். தரை உண்மையாகவே ஈரமாக இருக்கும், பலகையும் உண்மையாகவே இருக்கும். எந்தச் சட்டமும் உடையாது. திட்டத்தை மூன்று நாள் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். ஓட்டை எதுவும் தெரியவில்லை.

ஞாயிறு காலை காவலாளி டிவியைப் போட்டு, சேனலை வைத்து, ரிமோட்டைக் கொடுத்தார்.

"ஒண்ணு ஞாபகம் வெச்சுக்கோம்மா. ரெண்டு மணி நேரம் ரிமோட்டை யாரும் தொடலைன்னா, பாக்குறீங்களான்னு கேட்டுட்டு தானா அணைஞ்சிடும். மறுபடி போட்டா உயிர் வர மூணு நாலு நிமிஷம் ஆகும், கிழட்டு டிவி."

"நடுவுல ஒரு தடவை அமுக்கிடறேன்" என்று சொல்லி ரிமோட்டை டிவிக்குக் கீழே இருந்த மரத் தட்டில் வைத்தாள். மணி ஒன்பதேகால்.

பத்தரைக்கு உட்கார்ந்திருந்த நாலு பேரை உணவகத்துப் பக்கம் அனுப்பினாள். நாற்காலி வரிசைகளை ஓரம் ஒதுக்கினாள். பெருக்கினாள், சோப்புத் தண்ணீர் போட்டாள். ஒரு கண் தரையில், ஒரு கண் திரையில். வெள்ளைச் சட்டை ஒரு புள்ளி முன்னால், பிறகு சமம், பிறகு சிவப்பு. பதினொன்றுக்கு நல்ல தண்ணீரில் கடைசித் துடைப்பைத் தொடங்கினாள்.

துடைப்பவர்கள் எல்லோரும் உள் சுவரில் தொடங்கிப் பின்பக்கமாகவே நகர்ந்து வாசலுக்கு வருவார்கள். அது யோசித்துச் செய்வதல்ல. மாப்பைக் கையில் எடுத்தால் கால் தானாகப் பின்னால் போகும். மூன்று நாள் யோசித்த தலை ஒரு பக்கம் இருந்தது, பத்தொன்பது வருடம் துடைத்த கை இன்னொரு பக்கம் இருந்தது. கைதான் ஜெயித்தது. வாசலுக்கு வந்து பலகையை விரித்து நிமிர்ந்து பார்த்தபோது, அவளுக்கும் அமுக்க மறந்த ரிமோட்டுக்கும் நடுவில் கூடம் முழுவதும் பளபளவென்று ஈரமாகக் கிடந்தது.

காய்வதற்கு இருபது நிமிடம். அது அவள் கடிகாரம் வைத்துக் கணக்கிட்டது. அப்போது மணி பதினொன்று பத்து.

"முடிஞ்சுதா?" என்று பின்னால் குரல் கேட்டது. அது 'வேகம்', அக்காவுக்குக் கீழே துடைக்கும் பெண்களில் ஒருத்தி. எதையும் பாதி நேரத்தில் முடித்துவிடுவதால் அவளுக்கு அந்தப் பெயர். போன வியாழக்கிழமை காயாத நடைபாதையில் குறுக்கே நடந்தாள் என்று அவளை முழு நடைபாதையையும் மறுபடி துடைக்க வைத்திருந்தாள் அக்கா. அன்றிலிருந்து இருவருக்கும் பேச்சு கொஞ்சம் உப்புச் சப்பில்லாமல்தான் இருந்தது.

"ஸ்ஸ். கடைசிச் சுற்று" என்றாள் அக்கா.

இரண்டு பேரும் வாசலிலேயே நின்று பார்த்தார்கள். கல் மேல் கல்லாக வந்தது. கடைசியில் சிவப்பு அணிக்கு ஒரே ஒரு கல் மிச்சம். வட்டத்துக்குள் கிடக்கும் வெள்ளை அணியின் கல்லைவிட நடுவுக்கு நெருக்கமாகப் போய் நின்றால் தங்கம். தலைவி மண்டியிட்டாள்.

திரையின் நடுவில் ஒரு கறுப்புக் கட்டம் எழுந்தது. 'பார்த்துக்கொண்டிருக்கிறீர்களா? ஏதாவது ஒரு பொத்தானை அழுத்தவும். 60.'

"ஐயையோ!"

ஐம்பத்தெட்டு. ஐம்பத்தேழு.

"போய் அமுக்குங்களேன்" என்றாள் வேகம்.

"ஈரம்."

"தெரியுது. பலகைதான் வெச்சிருக்கீங்களே."

கட்டத்தின் ஓரத்தில், தலைவி இன்னும் கல்லைத் தள்ளாமல் குறி பார்த்துக்கொண்டிருப்பது தெரிந்தது. நாற்பத்தொன்று.

"நான் வேணா போகட்டுமாக்கா? எனக்கு இது பழக்கம்தான்" என்றாள் வேகம். குரலில் வியாழக்கிழமை இருந்தது.

ஒரு கணம் 'போ' என்று சொல்லிவிடலாம் போலத்தான் இருந்தது. தன் சட்டத்தைத் தானே மீறுவது ஒரு தப்பு. அதை இன்னொருத்தி காலால் மீறிவிட்டுத் தான் சுத்தமாக நிற்பது வேறு வகைத் தப்பு. அது அவளுக்குக் கொஞ்சமும் பிடிக்கவில்லை.

"வேண்டாம். என் ஈரம்" என்றாள்.

செருப்பைக் கழற்றினாள். பலகையைத் தாண்டிக் கால் வைத்தாள். தரை ஜில்லென்றிருந்தது. வழுக்காமல் இருக்கப் பாதத்தை முழுசாகப் பதித்து, வாத்து மாதிரி நடந்தாள். பதினேழு அடி எடுத்து வைத்தாள். பன்னிரண்டு, பதினொன்று என்று திரையில் எண் இறங்கிக்கொண்டிருக்க, ரிமோட்டை எடுத்துக் கைக்குக் கிடைத்த பொத்தானை அழுத்தினாள். கட்டம் மறைந்தது.

கல் அப்போதுதான் கையை விட்டுக் கிளம்பியது.

குட்டைக்காரி தேய்த்தாள். மணிக்கட்டுக் கட்டு அவிழ்ந்து ஆடியது. அதைக் கவனிக்காமல் தேய்த்தாள். கல் வளைந்தது, வழிமறித்துக் கிடந்த காவல் கல்லைத் தாண்டியது, வட்டத்துக்குள் நுழைந்தது. தலைவி ஏதோ கத்தினாள். குட்டைக்காரி இன்னும் தேய்த்தாள். வெள்ளை அணியின் கல்லைவிட ஒரு கையகலம் வெளியே கல் நின்றுவிட்டது.

வெள்ளைச் சட்டைகள் ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டார்கள். குட்டைக்காரி கம்பின் மேல் சாய்ந்து கல்லையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தோத்துட்டாங்களா?" என்று வாசலிலிருந்து கேட்டாள் வேகம்.

"ம். ஒரு கையகலம். கல்லு நிக்கற வரைக்கும் அந்தக் குட்டைப் பொண்ணு கையை எடுக்கல பாத்தியா" என்றாள் அக்கா. அவள் யாரையாவது பாராட்டினால் இவ்வளவுதான்.

பார்த்தாகிவிட்டது. ரிமோட்டை வைத்துவிட்டுத் திரும்பினாள். தரையில் அவளுடைய பதினேழு கால் தடங்களும் வாசலிலிருந்து அவள் நிற்கிற இடம் வரைக்கும் வரிசையாக வந்திருந்தன. ஒரு காலைத் தூக்கினாள்.

"அக்கா, அக்கா! எங்க வர்றீங்க?" வேகம் மாப்புக் கம்பை வாசலுக்குக் குறுக்கே நீட்டினாள். "ஈரம்!"

"அடி, டிவி போச்சேன்னு அவசரத்துல..."

"இப்ப என்ன அவசரம்? டிவிதான் ஓடுதே. ஈரத்துல யாரும் கால் வைக்கக் கூடாது, துடைச்சவங்களும் சேர்த்து. வியாழக்கிழமை சொன்னீங்க. காயட்டும், வாங்க."

அக்கா தூக்கிய காலை இருந்த இடத்திலேயே வைத்தாள். கடிகாரத்தைப் பார்த்தாள், இன்னும் பதின்மூன்று நிமிடம் இருந்தது.

வேறு வழியில்லாமல் மறுபடி திரைப் பக்கம் திரும்பினாள். மேடை போட்டிருந்தார்கள். குட்டைக்காரி குனிந்து வெள்ளிப் பதக்கத்தை வாங்கிக்கொண்டாள். அவிழ்ந்த கட்டை யாரோ அதற்குள் சரியாகச் சுற்றிவிட்டிருந்தார்கள். திட்டத்தில் இது இருக்கவில்லை. கடைசிக் கல்லோடு வேலைக்குத் திரும்பிவிடுவதாகத்தான் அவள் நினைத்திருந்தாள்.

தரை காய்ந்ததும் வேகம் பலகையை மடக்கப் போனாள்.

"இரு, மடக்காத" என்று அக்கா வந்து மாப்பை வாங்கிக்கொண்டாள். "தடம் இருக்கு. மொத்தக் கூடமும் இன்னொரு தடவை."

"நான் பண்றேன், குடுங்கக்கா."

"வியாழக்கிழமை நீதானே பண்ணின?" என்று சொல்லிவிட்டு, ரிமோட்டை எடுத்து அவள் கையில் கொடுத்தாள். பிறகு உள் சுவரில் தொடங்கி, பின்பக்கமாக நகர்ந்து வந்தாள்.