பொழுதுப்பள்ளத்துக் கரையில் அம்மா

‘எங்கள் சாதிப் பிள்ளைகளுக்கும் படிப்பில் இடஒதுக்கீடு வேண்டும்’ என்று கேட்டுச் சாலைகளில் மரங்களை வெட்டிச் சாய்த்தவர்களில் அப்பாவும் ஒருவர். அந்த மரங்களால்தான் அக்கா ஏற வேண்டிய பஸ் வெள்ளிமலைக்கு வராமல் நின்றது. ஆசிரியப் பயிற்சிக்கான நேர்முகத்துக்குத் திங்கட்கிழமை மாலை நான்கு மணிக்குள் கள்ளக்குறிச்சிக்கு வரும்படி அவளுக்குக் கடிதம் வந்திருந்தது. அப்பாவிடம் யோசனை கேட்கலாம் என்றால், அவரைப் போலீஸ் வேனில் ஏற்றிக்கொண்டு போய் இரண்டு நாளாகியிருந்தது. எனக்கு அப்போது எட்டு வயது.

மலைச்சாலை வழியே நடந்தால் நேரத்துக்குப் போய்ச் சேர முடியாது. குறுக்கே ஓர் ஒற்றையடிப் பாதை இருந்தது. அதில் இறங்கினால் உச்சிப்பொழுதுக்குள் அடிவாரம். ஆனால் அதில் எவரும் தனியாகப் போவதில்லை, வழியில் பொழுதுப்பள்ளம் கிடந்ததால்.

பள்ளத்தின் அகலம் ஐம்பது தப்படிதான். காலையில் இந்தக் கரையில் இறங்குபவர் அந்தக் கரையில் ஏறும்போது மாலையாகியிருக்கும். சிலருக்கு அடுத்த மாதமே ஆகியிருக்கும். நடந்தவருக்கோ ஐம்பது தப்படி நடந்த நேரம்தான். மலைக்காரர்கள் இதற்கு ஒரு வழக்கம் வைத்திருந்தார்கள். போகிறவரின் இரத்த உறவு ஒருவர் இந்தக் கரையிலுள்ள பலகைக்கல்லில் உட்கார வேண்டும். பள்ளம், உட்கார்ந்தவரின் பொழுதை எடுத்துக்கொண்டு, நடப்பவரின் பொழுதை விட்டுவிடும். போனவர் திரும்பி வந்து தோளைத் தொடும்வரை உட்கார்ந்தவருக்குப் பசியில்லை, மூப்பில்லை, நினைவுமில்லை. வேறு எவர் தொட்டாலும் அவர் எழமாட்டார்.

பள்ளி விடுதியில் அம்மாவுடன் சமையல் செய்த மலைக்காரப் பெண்தான் இதையெல்லாம் சொன்னாள்.

“ஒக்கார்றது ஒண்ணும் கஷ்டமில்லீங்கக்கா. எங்க ஊருல ஒரு பொம்பள தன்னோட பையனுக்காக ஒக்காந்துச்சு. அவன் போன எடத்துல கல்யாணம் கட்டிக்கினு, மூணு புள்ளையோட வந்து தொட்டான். ‘யார்ரா நீ, எம்புள்ள எங்கடா’ன்னு அவனையே அடிக்கப் போச்சாம்.”

நான் விழுந்து விழுந்து சிரித்தேன். அம்மா வெங்காயம் அரிவதை நிறுத்தவில்லை. “வெடியறதுக்குள்ள கெளம்பணும்” என்றாள், அக்காவைப் பார்த்து.

திங்கட்கிழமை காலை, கல்லருகே நின்று அம்மா அக்காவிடம் நெடுநேரம் பேசினாள். ரேஷன் அட்டை எங்கே இருக்கிறது, அப்பாவுக்கு எந்த மாத்திரை ஒத்துக்கொள்ளாது என்றெல்லாம் சொன்னாள். கடைசியில் என்னைக் காட்டி, “இவள பத்தாவதோட நிறுத்திடாத. உங்கப்பன் கேட்டா நான் சொன்னேன்னு சொல்லு” என்றாள். மறுநாள் திரும்பி வரப்போகிறவர்களிடம் இவ்வளவும் எதற்கு? அம்மாவுக்கு எப்போதுமே பேச்சு ஜாஸ்தி என்று எண்ணிக்கொண்டேன்.

“இன்னொரு தடவ யோசிச்சுக்கோம்மா.”

“நீ யோசிச்சிக்கினு நின்னா நாலு மணி நிக்குமா? போடி.”

சொல்லிக்கொண்டே அம்மா உட்கார்ந்தாள். இமைகள் அப்படியே நின்றன. அக்கா என் கையைப் பற்றிக்கொண்டு பள்ளத்தில் இறங்கினாள். ஐம்பது தப்படியும் எண்ணி நடந்தேன். ஒன்றுமே நிகழாதது எனக்குப் பெரிய ஏமாற்றம்.

அடிவாரத்தில் ஒருவர் சைக்கிளில் ஏற்றிக்கொண்டார். மரம் கிடந்த இடங்களிலெல்லாம் இறங்கி, சைக்கிளைத் தூக்கி அப்பால் வைத்து, மூன்றரை மணிக்கு அலுவலகத்தை அடைந்தோம். அங்கே ஓர் எழுத்தர் மட்டும் இருந்தார்.

“நீ ஒருத்திதாம்மா வந்துகீற. ஆபீசரு வழியில மாட்டிக்கினாரு. வியாழக்கிழமைன்னு சொல்லிக்கீறாங்க.”

“ஊருக்குப் போயிட்டு வந்துடட்டுங்களா சார்?”

“போ. நடுவுல அவரு வந்து முடிச்சிட்டுப் போயிட்டாருன்னா என்னக் கேக்காத.”

அக்கா வாசலில் வெகுநேரம் நின்றாள். பிறகு பையைத் தாழ்வாரத்தில் வைத்தாள். “இருந்தே போவலாம்” என்றாள்.

“அம்மா?”

“அவங்களுக்கு ஒரு நிமிசந்தான்.”

காவலாளியின் மனைவி எங்களுக்குப் படுக்க இடமும் சோறும் கொடுத்தாள். அக்கா சோற்றைப் பிசைந்துகொண்டே இருப்பாள், உண்ணமாட்டாள். ஒவ்வொரு நாளும் கதவு திறக்கும் முன்பே போய் நின்றாள். அம்மாவுக்கு நான்கு நாள் சமையல் மிச்சம் என்று எனக்கோ பொறாமை.

வியாழக்கிழமை காலையிலேயே அதிகாரி வந்தார். அக்காவுக்கு இடம் கிடைத்தது. ஆணையைக் கையில் வாங்கியவள் தண்ணீர்கூடக் குடிக்காமல் புறப்பட்டாள். அதற்குள் வழியில் பாதி மரங்களை அகற்றியிருந்தார்கள். அடிவாரம்வரை ஒரு மாட்டுவண்டி கிடைத்தது, பிறகு ஏற்றம். அவளுடைய நடைக்கு நான் ஓட வேண்டியிருந்தது. பொழுது சாயும் முன் பள்ளத்தைக் கடந்தோம்.

அம்மா உட்கார்ந்தபடியே இருந்தாள். மடியில் சருகு சேர்ந்திருந்தது. ஒரு சிலந்தி அவள் தோளுக்கும் கல்லுக்கும் இடையில் வலை பின்னியிருந்தது. அக்கா எதிரே போய் நின்றாள். நீட்டிய கை தோள்வரை போகவில்லை.

“தொடுக்கா.”

தொட்டாள். அம்மாவின் இமைகள் அசைந்தன.

“இன்னாடி இன்னும் நின்னுகினே கீற? போடின்னு சொன்னனே.”

அக்கா அந்தச் சருகுகளின் மேலேயே முகம் புதைத்து, ஓவென்று அழுதாள். அவள் அப்படி அழுது நான் பார்த்ததில்லை. அம்மா ஒன்றும் விளங்காமல் என்னைப் பார்த்தாள். விளக்கம் சொல்ல வேண்டிய பொறுப்பு என்னுடையதாயிற்று.

“அக்காவுக்கு எடம் கெடச்சிடுச்சும்மா” என்றேன். “எதுக்கு அழுவுதுன்னுதான் தெரியல.”