வெள்ளப் படத்தில் செத்துப்போன வெர்னா

வெர்னா டாக்கெட் செத்து நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகிறது என்று ஒரு புத்தகத்தில் அச்சடித்துப் போட்டிருக்கிறார்கள். அந்தப் பக்கத்தை எனக்கு வாசித்துக் காட்டியதே வெர்னாதான். வாசித்து முடித்ததும் அடுப்பில் பீன்ஸ் அடிப்பிடிக்கிறது என்று எழுந்து போய்விட்டாள்.

நான் இமோஜீன். ஸ்டூடியோவில் உடைப் பிரிவில் தையல் வேலை பார்த்தவள். ஹாலிவுட்டில் ஃபவுண்டன் சாலைக்குப் பின்னால், ஒரு நீச்சல் குளத்தைச் சுற்றிச் சின்னச் சின்ன வீடுகள் கட்டிய வளாகத்தில் குடியிருக்கிறேன். என் சமையலறை ஜன்னலும் வெர்னாவின் சமையலறை ஜன்னலும் நேருக்கு நேர். அவள் புருஷன் ஆர்வில் இருமினால் எனக்குத் தூக்கம் கெடும். அதனால் அவர்களைப் பற்றிப் பேச எனக்கு உரிமை உண்டு, கோபப்படவும் உண்டு.

இந்த ஊரில் இப்போதெல்லாம் படம் எடுத்துப் பிழைக்கிறவர்களைவிட, அந்தப் படத்தில் யார் செத்தார்கள் என்று கதை அளந்து பிழைக்கிறவர்கள்தான் அதிகம். ஒன்பதாம் படப்பிடிப்புத் தளத்தில் ஒரு பெண்பேய் அழுகிறதாம். அது தண்ணீர்க் குழாய். காற்றுப் புகுந்தால் ஊளையிடும், எங்களுக்கெல்லாம் தெரியும். காட்டுப் படத்தில் ஒரு துணை நடிகரைச் சிங்கம் தின்றுவிட்டதாம். அந்தச் சிங்கத்துக்குப் பல்லே கிடையாது, மாமிசத்தை அரைத்துத்தான் ஊட்டுவார்கள். தின்னப்பட்ட மனிதர் கிளென்டேலில் இன்ஷூரன்ஸ் பிடித்துக்கொண்டிருந்தார், என்னையே ஒருமுறை சேரச் சொல்லி உயிரை வாங்கினார். சபிக்கப்பட்ட பச்சை கவுன் ஒன்று இருக்கிறதாம், போட்ட மூன்று நடிகைகளும் செத்துவிட்டார்களாம். அதைத் தைத்தவள் நான். ஆமாம், செத்தார்கள்தான். எண்பது வயசுக்கு மேல், அவரவர் கட்டிலில்.

இதையெல்லாம் கேட்டுச் சிரித்துவிட்டுப் போகலாம். வெள்ளப் படத்தின் கதையைத்தான் என்னால் ஜீரணிக்க முடியவில்லை.

புத்தகம் என்ன சொல்கிறது என்றால், வெள்ளக் காட்சிக்குத் தண்ணீர்த் தொட்டியின் லீவரை இழுத்தவன் குடிபோதையில் இருந்தானாம். முன்னாடியே இழுத்துவிட்டானாம். தண்ணீர் ஒரு பெண்ணை அடித்துக்கொண்டு போய்விட்டதாம். ஸ்டூடியோ எல்லோர் வாயையும் அடைத்துவிட்டு, அந்தக் காட்சியை அப்படியே படத்தில் வைத்துக்கொண்டதாம். சந்தேகம் இருந்தால் பாருங்கள், சாம்பல் நிறக் கோட்டு போட்ட பெண் தண்ணீருக்குள் போவாள், மேலே வரவே மாட்டாள் என்று எழுதியிருக்கிறான் மகராசன்.

மேலே வரமாட்டாள்தான்! வந்திருந்தால் அன்றைக்கே அவளை வீட்டுக்கு அனுப்பியிருப்பார்கள். தொட்டித் தண்ணீரில் வேலை செய்கிறவர்களுக்கு முதல் பாடமே அதுதான். கேமரா பார்க்கும் இடத்தில் மூழ்கு, மூச்சைப் பிடித்துக்கொண்டு அடியிலேயே நீந்து, இடிந்த சுவருக்குப் பின்னால் தொங்கும் கறுப்புத் துணியைத் தாண்டு, அங்கே ஏணி இருக்கும், ஏறிக்கொள். முன்பக்கம் தலையை நீட்டினால் ஷாட் போச்சு. மறுபடி அத்தனை தொட்டியையும் நிரப்ப வேண்டும், மறுபடி அத்தனை பேரையும் காயவைக்க வேண்டும். வெர்னா லாங் பீச் கடற்கரையில் வளர்ந்தவள், மீன்குஞ்சு. அவள் ஒருமுறைகூட முன்பக்கம் எழுந்ததில்லை. வேலையை அவ்வளவு சுத்தமாகச் செய்ததற்குக் கிடைத்த பரிசுதான் இந்தச் சாவு.

லீவரை இழுத்தவன் ஆர்வில். குடியா? அவனுக்கு வயிற்றுப்புண். பாலைத் தவிர எதையும் தொடமாட்டான். அவனிடம் இருந்த ஒரே கெட்ட பழக்கம் தலை எண்ணுவது. யாரும் அவனைச் செய்யச் சொல்லவில்லை. ஒவ்வொரு முறை தண்ணீரை விட்ட பிறகும் மேலே இருந்து இறங்கி வந்து, ஏணியில் ஏறி வந்தவர்களை எண்ணுவான். கணக்குச் சரியாக இருந்தால்தான் அவனுக்கு மூச்சு வரும்.

அன்றைக்கு ஒரு தலை குறைந்தது. ஆர்வில் பித்துப் பிடித்தவனாய் ஓடினான். "ஒரு பொண்ணு மேல வரலை! ஒரு பொண்ணு மேல வரலை!" நான் காய்ந்த கோட்டுகளை வைத்துக்கொண்டு நின்றிருந்தேன், என் காதாலேயே கேட்டேன். தண்ணீருக்குள் குதித்தான், தடவினான், எழுந்து கத்தினான். துணை நடிகர்களை எல்லாம் ஈரத்தோடு வீட்டுக்குப் போகச் சொல்லிவிட்டார்கள். அவர்கள் போன பிறகுதான் வெர்னா கிடைத்தாள். குளிர் தாங்காமல் சுவருக்குப் பின்னால் நீராவிக் குழாயை ஒட்டிப் படுத்துத் தூங்கிப் போயிருந்தாள். ஆர்வில் தரையில் உட்கார்ந்து ஓவென்று அழுதான். அழுது முடித்துவிட்டு அவளைத் திட்டினான் பாருங்கள், அப்படி ஒரு திட்டு! அடுத்த வசந்தத்தில் கல்யாணம்.

ஆனால் வீட்டுக்குப் போன துணை நடிகர்கள் கொண்டுபோனது அந்தக் கத்தலை மட்டும்தான். பெண் கிடைத்த சேதி யாரையும் போய்ச் சேரவில்லை.

ரொம்ப வருஷம் அது அவர்கள் வீட்டில் வேடிக்கையாகத்தான் இருந்தது. "செத்தவ வெச்ச சூப்பு, உப்பு சரியா இருக்கா பாரு" என்பாள் வெர்னா. "கொன்னவன் வாய்க்கு எல்லாம் ருசிதான்" என்பான் ஆர்வில். பிறகு புத்தகம் வந்தது. புத்தகத்தைத் தொடர்ந்து பஸ் வந்தது.

சுற்றுலா பஸ். ரஸ் என்று ஒரு வழிகாட்டி, கோடு போட்ட கோட்டு, கையில் ஒலிபெருக்கி. எங்கள் வாசலில் நிறுத்தி, "இந்த வளாகத்துலதான் அந்த லீவர்காரன் இன்னும் ஒளிஞ்சிட்டு இருக்கான்" என்று முழங்குவான். முதல் நாளே நான் தோட்டத்துத் தண்ணீர்க் குழாயை எடுத்துக்கொண்டு போனேன்.

"டேய், வாயைக் கழுவுடா! இல்லேன்னா நான் கழுவி விடுறேன்!"

"பாத்தீங்களா? இந்த ஏரியாவுல இன்னும் எவ்ளோ பயம் இருக்கு பாத்தீங்களா?" என்றான் அவன், பஸ்ஸுக்குள் இருந்தவர்களிடம்.

வெர்னா என்னை ஒதுக்கிவிட்டு முன்னால் வந்தாள். மாவுக் கையை ஏப்ரனில் துடைத்துக்கொண்டு பதவிசாகச் சொன்னாள். "தம்பி, அந்தப் பொண்ணு நான்தான். வெர்னா. நான் சாகலை. லீவரை இழுத்தவரைத்தான் கட்டிக்கிட்டேன். உள்ள தூங்குறாரு. கொஞ்சம் மெதுவாப் பேசு."

ரஸ் அவளை மேலும் கீழும் பார்த்தான். அப்புறம் சிரித்தான். "அட்டகாசம்! கேட்டீங்களா? ஸ்டூடியோ இன்னிக்கும் ஒரு ஆளை நடிக்க வெச்சிருக்கு! பாட்டி, பிரமாதம்! கையெழுத்துப் போட்டுக் குடுங்க!"

பஸ்ஸில் எல்லோரும் கைதட்டினார்கள். ஒரு பெண் இறங்கி வந்து நிஜமாகவே காகிதத்தை நீட்டினாள். வெர்னா அவளிடம் தன் அடையாள அட்டையைக் காட்டினாள். "இதுகூடச் செஞ்சு குடுத்திருக்காங்களா!" என்று அவள் ஆச்சரியப்பட்டாள். யாரும் யாராகவும் நடிக்கலாம் என்கிற ஊரில் உயிரோடு இருப்பதை எப்படி நிரூபிப்பது? அன்று சாயந்திரம் வெர்னா பாத்திரங்களைப் போட்டு உடைக்கிற சத்தம் என் ஜன்னல் வரைக்கும் கேட்டது.

அந்தக் குளிர்காலத்தில் ஆர்விலுக்கு நினைவு தப்ப ஆரம்பித்தது. முதலில் சாவி, பிறகு குளியலறை எந்தப் பக்கம் என்பது. ஒரு நாள் காலையில் ரொட்டியைக் கையில் வைத்துக்கொண்டே, "ஒரு தலை குறையுதே" என்றான். மற்ற வருஷங்களெல்லாம் அவன் மண்டையிலிருந்து உதிர்ந்துவிட்டன. தலை எண்ணிக்கொண்டு நின்ற அந்த ஒரு மத்தியானம் மட்டும் அப்படியே நின்றது. பெண் கிடைத்தது, திட்டியது, கட்டிக்கொண்டது எதுவும் இல்லை. தினமும் வாசலில் வந்து நிற்கும் பஸ் வேறு, நீதான் கொன்றாய், நீதான் கொன்றாய் என்று அவனுக்கு ஒலிபெருக்கியில் சொல்லிக்கொடுத்தது.

வெர்னா கல்யாணப் படத்தைக் காட்டினாள். "யாரு இந்தப் பொண்ணு? லட்சணமா இருக்கா" என்றான்.

"நான்தான்யா அது! உன் பொண்டாட்டி! என்னைப் பாரு!"

"நீங்க நல்லவங்க. ஆனா எனக்கு இப்ப நேரமில்ல. அந்தப் பொண்ணைத் தேடணும்."

ஒரு நாள் வெர்னா அசந்த நேரத்தில் பஸ்ஸுக்கு முன்னால் போய் நின்று இரண்டு கையையும் நீட்டினான். "நான்தான் இழுத்தேன். என்னைப் பிடிச்சுக் குடுத்துடுங்க." பஸ்ஸில் இருந்தவர்கள் படம் எடுத்துக்கொண்டார்கள். அதற்குப் பிறகு சாப்பாட்டைத் தள்ளிவிட்டான். அவள் கிடைக்கிற வரைக்கும் ஒரு வாய் இறங்காது என்றான். பாலைக்கூடத் தொடவில்லை. இப்படியே போனால் மருத்துவமனையில் சேர்த்துக் குழாய் வழியாக ஊட்ட வேண்டும், தாங்குவாரா தெரியவில்லை என்று டாக்டர் சொல்லிவிட்டுப் போனார்.

"எனக்கு அவன் மேல ஆத்திரமா வருது, ஜீன்" என்றாள் வெர்னா. முகம் வற்றிப்போயிருந்தது. "நான் எதிர்ல உக்காந்துட்டு இருக்கேன். எனக்காகவே பட்டினி கிடக்குறான். நான் குடுத்தா வாங்க மாட்டேங்குறான். நான் எங்கடி போவேன்?"

அவளைக் கட்டிக்கொண்டு நானும் அழுதேன். வேறென்ன செய்ய?

மறுநாள் மத்தியானம் வந்து, உன்னிடம் சாம்பல் நிறக் கம்பளிக் கோட்டு இருக்கிறதா என்று கேட்டாள். எதற்கு என்று எனக்கு உடனே புரிந்துவிட்டது.

"பைத்தியமாடி உனக்கு? இந்த வயசுல தண்ணிக்குள்ள கோட்டோடயா?"

"குடுடி. அவன் கண்ணு முன்னாடி மேல வரேன். வந்துட்டா முடிஞ்சுது."

குளத்தின் விளிம்பில் நாற்காலி போட்டு ஆர்விலை உட்காரவைத்தோம். வெர்னா கோட்டைப் போட்டுக்கொண்டு படி இறங்கினாள். "ஆர்வில், நல்லாப் பாத்துக்கோ" என்று சொல்லிவிட்டு மூழ்கினாள்.

அவன் நாற்காலியை விட்டு எழுந்தான். "ஒரு பொண்ணு மேல வரலை!" அன்றைக்குக் கேட்ட அதே குரல். குளத்துக்குள் பாயப் போனவனை இடுப்பைப் பிடித்து இழுத்து வைத்திருந்தேன். அடுத்த நிமிஷம் வெர்னா அவன் காலடியிலேயே தலையைத் தூக்கினாள். மூச்சு வாங்க, முடியெல்லாம் முகத்தில் ஒட்டிக்கொண்டு, விளிம்பைப் பற்றிக்கொண்டு சிரித்தாள்.

"வந்துட்டேன்யா! பாரு! வெர்னா மேல வந்துட்டேன்!"

ஆர்வில் வெகுநேரம் அவளையே பார்த்தான். பிறகு குனிந்து கை கொடுத்துத் தூக்கிவிட்டான். கோட்டிலிருந்து தண்ணீரைப் பிழிந்துவிட்டான். முகத்தில் ஒரு மரியாதை வந்திருந்தது, தொழில் தெரிந்தவன் தொழில் தெரிந்தவளுக்குத் தருகிற மரியாதை.

"நல்லா மூச்சு அடக்குறீங்க, மிஸ்" என்றான். "ஆனா நீங்க டூப். இது தெரியாதா எனக்கு? அந்தப் பொண்ணு முன்பக்கம் வரவே மாட்டா. அவ வேலை தெரிஞ்சவ."

வெர்னாவின் சிரிப்பு போய்விட்டது. உடைந்துவிடுவாள் என்றுதான் நினைத்தேன். ஓடிப் போய்த் துண்டை எடுத்துவந்தேன். அவள் அதை வாங்கவில்லை. சொட்டச் சொட்ட அப்படியே நின்றாள்.

"ஆமா சார். நான் டூப்தான்" என்றாள். "அந்தப் பொண்ணுதான் என்னை அனுப்பிச்சா. சுவருக்குப் பின்னாடி நீராவிக் குழாய்கிட்ட தூங்கிட்டு இருந்தா. குளிரு பாருங்க. எழுப்பிட்டாங்க. ஒண்ணும் ஆகலை. வீட்டுக்குப் போயிட்டா."

"நிஜமாவா?"

"என் கண்ணால பாத்தேன் சார்."

ஆர்வில் ஈரத் தரையில் உட்கார்ந்தான். இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டு அழுதான். வெர்னா அவன் பக்கத்தில் போகவில்லை. அறிமுகமில்லாத பெண் எவ்வளவு தள்ளி நிற்பாளோ அவ்வளவு தள்ளியே நின்றாள். அழுது முடித்ததும் அவனுக்குக் கோபம் வந்தது. "அறிவிருக்கா அவளுக்கு? ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போகக் கூடாதா? பாத்தீங்கன்னா சொல்லுங்க, ஆர்வில் நல்லாத் திட்டினான்னு சொல்லுங்க!"

"சொல்றேன் சார்."

"பசிக்குது" என்றான்.

தக்காளி சூப்பும் ரொட்டியும் தின்றான். இன்னும் வேண்டும் என்று கேட்டு வாங்கித் தின்றான். அதிலிருந்து தினமும் இதேதான். காலையில் எழுந்ததும், "மிஸ், அந்தப் பொண்ணு?" என்பான். "வீட்டுக்குப் போயிட்டா சார்" என்பாள். உடனே சாப்பிடுவான். பஸ் இன்னும் வருகிறது, ரஸ் இன்னும் கத்துகிறான். வெர்னா இப்போது வாசலுக்கே போவதில்லை.

போன வாரம் என் வீட்டில் சர்க்கரை தீர்ந்துபோய், எப்போதும்போல ஜன்னலைத் திறந்து, "வெர்னா!" என்று கத்தினேன். உள்ளே நாற்காலி விழுகிற சத்தம் கேட்டது. ஆர்வில் வெளியே ஓடிவந்து குளத்துக்குள் எட்டிப் பார்த்தான். அவனைச் சமாதானப்படுத்தி உட்காரவைக்க ரொம்ப நேரம் ஆயிற்று. அப்புறம் அவள் ஜன்னலுக்கு வந்தாள்.

"இனிமே அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிடாதடி" என்றாள். "அவன் காதுல விழுந்தா தேட ஆரம்பிச்சிடுறான்."

"வேற எப்படிடி கூப்பிடுறது உன்னை?"

"மிஸ்னு கூப்பிடு. இங்க வேற யாரு இருக்கா?"

சர்க்கரை டப்பாவை நீட்டினாள். வாங்கிக்கொண்டேன். அவளை அப்படிக் கூப்பிட எனக்கு இன்றுவரை வாய் வரவில்லை. ஏதாவது வேண்டுமென்றால் ஜன்னல் கண்ணாடியைத் தட்டுகிறேன்.