ஆறாமீனில் பதினாலு வெள்ளி

என் மனைவியின் தங்கைக்குப் பேசி முடிந்திருந்த கலியாணத்தை நான் ஒருமுறை குழப்பிவிட்டேன். கோள் சொல்லவில்லை, மொட்டைக்கடிதம் எழுதவில்லை. நட்சத்திரத்தை நாங்கள் வெள்ளி என்போம்; வானத்து வெள்ளிக்கூட்டம் ஒன்றைப் பற்றி மாப்பிள்ளைக்கு ஒரு யோசனை சொன்னேன். அதுவே போதுமாக இருந்தது.

எழுபதுகள் முடிந்து எண்பதுகள் தொடங்கிய காலம். கல்முனைப் பக்கத்தில் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குக் குடிவருவார். அப்படி வந்து, மாமாவின் வீட்டு வளவில் ஒரே மருமகனாகச் சுகமாக இருந்தவன் நான். விஞ்ஞான வாத்தியார் வேறு. ரேடியோ கரகரத்தாலும், வானத்தில் ஏதாவது மின்னினாலும் மாமா என்னைத்தான் கூப்பிடுவார். இரண்டாவது மருமகன் வரப்போகிறான் என்றதும் எனக்கு இடம் நெருக்கடியானது. வளவில் இடம் தாராளமாகத்தான் இருந்தது.

வரவிருந்தவன் என் கூட்டாளி. நெல் மில்லில் கணக்கெழுதும் கிளாக். நல்லவன். மணப்பெண்ணான என் மச்சிக்கும் அவன்மேல் விருப்பம். ஒரே குறை கிட்டப்பார்வை. மில்லுக்குள் கண்ணாடி போடுவான், தெருவில் இறங்கும்போது கழற்றிச் சட்டைப் பைக்குள் வைத்துவிடுவான். கண்ணாடி போட்ட மாப்பிள்ளையை அப்போது யாரும் விரும்பமாட்டார்கள்.

மாமாவுக்கோ கண்தான் எல்லாம். மாதாமாதம் பிறை பார்க்க, ஊருக்கு மேற்கே வயல்வெளியிலுள்ள வாய்க்கால் கட்டுக்குப் போகிறவர் அவர். அவர் "கண்டன்" என்றால் எங்கள் பள்ளிவாசலில் மறுபேச்சில்லை. மகளைக் கட்ட வருகிறவனை அதே கட்டுக்குக் கூட்டிப்போவார். உச்சியில் சிறு கொத்தாகத் தெரியும், பஞ்சாங்கம் கார்த்திகை என்று சொல்லும் ஆறாமீனைக் காட்டி, எத்தனை வெள்ளி என்று கேட்பார். நானும் அந்தப் பரீட்சை எழுதியவன்தான். ஆறு என்றேன், பாஸ்.

"ஆறாமீன் எண்டா ஆறுதானே மச்சான்? கண்ண மூடிக்கிட்டும் சொல்லுவன்" என்றான் கூட்டாளி.

"அங்கதான் மாட்டுவாய். பேரைக் கேட்டுக் குருடனும் ஆறெண்டு சொல்லுவான். மாமா லேசுப்பட்ட ஆளா? கூடச் சொன்னாத்தான் கூர்க் கண் எண்டு நம்புவார்."

"அப்ப ஏழெண்டு சொல்லட்டா?"

"பதினாலெண்டு சொல்லு. புத்தகத்தில நூற்றுக்கணக்கில இரிக்கி."

புத்தகத்தில் இருந்தது உண்மை. வெறுங்கண்ணுக்கு அவ்வளவும் தெரியாது என்பதை மட்டும் நான் விட்டுவிட்டேன்.

அந்தி மஃரிபு தொழுதுவிட்டு மூவரும் கட்டுக்குப் போனோம். மழை விட்டு வானம் கழுவியதுபோல் கிடந்தது. மாமா கையை உயர்த்திக் காட்டினார். கூட்டாளி அண்ணாந்து பார்த்தான். அவன் பார்த்த திசையில் ஒரு தென்னைமரத்தைத் தவிர வேறெதுவுமில்லை.

"பதினாலு, மாமா."

"பதினாலா? என்ட வாப்பாக்கும் ஆறுதான், எனக்கும் ஆறுதான். மத்த எட்டையும் ஒங்கட வீட்டயிருந்தா தம்பி கொண்டு வந்த?"

நான் இருமுவதுபோல் திரும்பிச் சிரித்தேன். வீட்டுக்கு வந்ததும் மாமா தீர்ப்புச் சொன்னார்: "கண்ணு தெரியாட்டியும் பரவாயில்ல. பொய்க்காரனுக்குப் புள்ளயக் குடுக்க ஏலா."

காலையில் தேத்தண்ணி கொண்டுவந்த மச்சியின் கண்கள் வீங்கியிருந்தன. "மச்சான், நீங்க படிச்ச ஆள். அவர் பொய்க்காரனில்ல எண்டு நீங்க சொன்னா வாப்பா கேப்பார்" என்றாள். என் விளையாட்டில் அவர்கள் இருவரின் வாழ்க்கை தொங்கிக்கொண்டிருந்தது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

சவூதியிலிருந்து வந்திருந்த ஒருவரிடம் பைனாகுலர் இரவல் வாங்கினேன். கொத்தில் உண்மையில் எத்தனை இருக்கிறது என்று மாமாவுக்குக் காட்டிவிட்டு, எண்ணிக்கை புத்தகத்தது, யோசனை என்னுடையது என்று ஒப்புக்கொள்வதுதான் திட்டம்.

அன்றிரவு மாமா அதைக் கண்ணில் வைத்து ஆறாமீனைப் பார்த்தார். பத்து வரை எண்ணினார், பதினைந்து வரை எண்ணினார், பிறகு எண்ணுவதை விட்டு "சுப்ஹானல்லாஹ்" என்றார். வரிசையாக நிற்கும் மூன்று வெள்ளிகளுக்குக் கீழேயுள்ள புகைமூட்டத்தைக் காட்டினேன். கண்ணாடியில் ஊத்தை என்று, உடுத்திருந்த சாரன் தலைப்பால் துடைத்தார். புகை போகவில்லை. மறுபடியும் துடைத்தார்.

"அது ஊத்தையில்ல மாமா. வெள்ளிகள் பிறக்கிற இடம்."

"ஆஸ்பத்திரியில பிள்ளைப்பேற்று வாட்டு எண்டு சொல்லு."

வடமேற்கில் தாழ்வாக இன்னொரு மங்கலைக் காட்டினேன். "அது நம்மட பால்வீதி மாதிரி வேறொரு வெள்ளிக்கூட்டம். அந்த வெளிச்சம் புறப்பட்ட காலத்தில உலகத்தில மனுசரே இல்ல."

"அப்ப அது இப்பவும் அங்க இரிக்கா?"

"தெரியா மாமா."

"தெரியா எண்டு நீ சொல்லி இண்டைக்குத்தான் கேக்கன்."

குற்றத்தைச் சொல்ல வாயைத் திறந்தேன். அதற்குள் மாமா என் தோளைப் பிடித்து உலுக்கினார். "டேய், அந்தப் பொடியன் பதினாலு கண்டது உண்மதான்! வெறுங்கண்ணால கண்டிரிக்கான்! என்ன கண்ணுடா அது!"

நான் திறந்த வாயை மூடிக்கொண்டேன். கலியாணம் நடந்தது. மச்சி எனக்காகக் கையேந்தி துஆச் செய்தாள். அதைக் கேட்டுக்கொண்டிருந்ததுதான் எனக்குக் கிடைத்த முதல் தண்டனை.

அந்த வருடம் நோன்பு கடைசியில் பிறை பார்க்கப் போனபோது, மாமா இளைய மருமகனைப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டார். மேற்கே கச்சான் காற்றில் தூசி. மாமா கண்ணைச் சுருக்கிப் பார்த்தார்.

"நூல் மாதிரி ஒண்டு தெரியுது. ஒனக்குத் தெரியுதா மகன்?"

"இல்ல மாமா" என்றான் அவன். அவனுக்கு எதிரே நின்ற மாடும் சரியாகத் தெரிந்திருக்காது.

பதினாலு வெள்ளி கண்டவனுக்கே தெரியவில்லை என்றால் தன் கண்ணில்தான் பிழை என்று மாமா முடிவுகட்டினார். கூட்டத்தைப் பார்த்து "இல்ல" என்றார். எல்லோரும் மறுநாளும் நோன்பு என்று வீடு போனார்கள். பிறகு ரேடியோ, பொத்துவிலில் பிறை கண்டாயிற்று, நாளை பெருநாள் என்றது. ஊரே இருட்டுக்குள் கோழி துரத்தியது. தையல்காரன் வீட்டுக் கதவை உடைக்காத குறை. காலையில் பள்ளிவாசல் வாசலில் ஒருவர், "மாமாவும் மருமகனும் பிறைய வயலுக்குள்ள ஒளிச்சு வச்சிட்டாங்களாம்" என்றார். மாமா தலையைக் குனிந்துகொண்டு நடந்தார். அவரை அப்படி நான் கண்டதேயில்லை.

பெருநாள் தொழுகை முடிந்து கட்டித் தழுவும்போது செய்த பிழைகளுக்குப் பொருத்தம், அதாவது மன்னிப்பு, கேட்பது எங்கள் வழக்கம். "பொருந்திக்கங்க மாமா" என்றேன்.

"எதுக்கு?"

வழமையில் யாரும் அப்படித் திருப்பிக் கேட்பதில்லை. நான் எல்லாவற்றையும் சொன்னேன். மாமா கூட்டாளியைப் பார்த்தார். அவன் பைக்குள்ளிருந்து கண்ணாடியை எடுத்துப் போட்டுக்கொண்டான்.

"நேத்து இல்லயெண்டு சொன்னது?"

"உண்மையா எனக்குத் தெரியல்ல மாமா."

"நான் தெரியுது எண்டும் நீ இல்லயெண்டாய். அப்ப நீ பொய்க்காரனில்ல" என்று அவனைத் தழுவிக்கொண்டார். பிறகு என் பக்கம் திரும்பினார். "ஒன்னப் பொருந்திட்டன். ஆனா இனி நம்பமாட்டன். அது வேற, இது வேற."

சொன்னபடியே நடந்தார். மழை பெய்கிறது என்று நான் சொன்னால் கையை வெளியே நீட்டிப் பார்ப்பார். சில வருடங்கள் கழித்து வால்வெள்ளி வந்தது. நான் முற்றத்தில் நின்று, "மாமா, வாங்க, இந்தா தெரியுது" என்று கத்தினேன். அவர் தலையை நிமிர்த்தவேயில்லை; இளைய மருமகனுக்கு ஆள் அனுப்பினார்.

அவன் ஆறுதலாக, அவசரமேயில்லாமல் வந்தான். நான் காட்டிய இடத்தைக் கண்ணாடி வழியே பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான்.

"ஒண்டும் இல்லயே மாமா" என்றான்.

மாமா உள்ளே போகத் திரும்பினார். என் முகம் எப்படிப் போனதோ, அவன் அதை நன்றாக ரசித்துப் பார்த்துவிட்டுத்தான் சொன்னான்:

"நில்லுங்க மாமா. ஓம், இரிக்கி."

மாமா அப்போதுதான் வானத்தைப் பார்த்தார்.