நிறுத்திய மாத்திரை

எரிபொருளுக்கு நாட்கணக்கில் நின்ற வரிசைகள் ஓய்ந்த வருடம், ஐப்பசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. கலேவெலயில் உறவுக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போய்விட்டு நானும் மனைவியும் பஸ்ஸில் திரும்பிக்கொண்டிருந்தோம். எங்கள் ஊரான பலாபத்வல நெருங்கும்போது அவள் என் கையைப் பிடித்தாள்.

"ஏங்க, நெஞ்சுக்குள்ள கோழியப் புடிச்சுப் போட்ட மாதிரி இருக்குங்க. படபடன்னு அடிச்சுக்குது."

"கல்யாணத்துல சைவச் சாப்பாடுதானே போட்டாங்க, கோழி எங்கேருந்து வந்துச்சு?" என்றேன்.

அவள் சிரிக்கவில்லை. உதடு வெளுத்திருந்தது. மணிக்கட்டைப் பிடித்துப் பார்த்தேன். நாடி வேகமாக அடித்தது. அதைவிட, ஒழுங்கில்லாமல் அடித்தது. இரண்டு அடி நெருக்கமாக விழும், பிறகு ஓர் இடைவெளி, பிறகு கூட்டமாக நாலைந்து. கூரையில் மழை தொடங்குவதுபோல என்று அன்று தோன்றியது. இப்போது அப்படி எழுதப் பிடிக்கவில்லை. மழை நின்று போகும்.

வீட்டில் இறங்காமல் நேராக மாத்தளை ஆஸ்பத்திரிக்குப் போனோம். இதயத்தின் மேலறைகள் சுருங்கி விரிவதற்குப் பதிலாக நடுங்கிக்கொண்டிருக்கின்றன என்று டாக்டர் சொன்னார். சிங்களத்தில் சொன்னதை நான் அவளுக்குத் தமிழில் சொன்னேன். கடைத்தெருவில் அவள் சரளமாகச் சிங்களம் பேசுவாள். ஆஸ்பத்திரிக்குள் நுழைந்துவிட்டால் ஒரு சொல் வராது. நரம்பு வழியாக அமியோடரோன் ஏற்றினார்கள். மறுநாள் காலையில் நாடி ஒழுங்குக்கு வந்தது. வீட்டுக்கு அனுப்பும்போது இரண்டு மருந்துகள். ஒன்று அதே அமியோடரோன், மாத்திரையாக. மற்றது இரத்தம் உறையாமலிருக்க வார்ஃபரின்.

"இந்த மருந்து நோயைத் தீர்ப்பதில்லை, நோய் திரும்பி வராமல் தடுத்து வைத்திருக்கிறது. அதனால் நன்றாக இருக்கும்போதும் சாப்பிட வேண்டும்" என்றார் டாக்டர். நானும் அப்படியே சொன்னேன்.

"நல்லா இருக்கும்போது எதுக்கு மருந்து?" என்று கேட்டாள்.

"நல்லா இருக்கிறதே மருந்தாலதான்."

"அது ஒங்களுக்கு எப்படித் தெரியும்?"

அந்த மருந்தைப் பற்றி அகப்பட்டதையெல்லாம் வாசித்தேன். கழுத்துச் சுரப்பியான தைராய்டைக் கெடுக்கும், நுரையீரலைப் பாதிக்கும், வெயில் பட்டால் தோல் கறுக்கும், உடம்பின் கொழுப்பில் தங்கி, நிறுத்திய பிறகும் மாதக்கணக்கில் மெல்லக் கரையும். கடைசியாகச் சொன்னதை வாசித்தபோது அதில் எந்த ஆபத்தும் எனக்குத் தெரியவில்லை.

மாத்திரைகளை நான் எடுத்துக் கொடுப்பதை அவள் விரும்பவில்லை. "நா என்ன சின்னப் புள்ளையா?" என்றாள். தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் வரிசை வீடான லயத்தில் பிறந்து, பன்னிரண்டு வயதிலிருந்து தன் காரியத்தைத் தானே பார்த்துக்கொண்டவள். முற்றத்தில் மிளகு காயவைக்கும் வேலையை மட்டும் வெயிலுக்காக என்னிடம் விட்டாள். நான் பரப்புவது சரியில்லை என்று ஜன்னலுக்குள்ளிருந்து ஏசுவாள்.

ஒரு வருடத்துக்கு மேல் கோழி வரவில்லை. அந்த வருடம் கழிந்து வந்த மாசி மகத்துக்கு மாத்தளையில் அம்மன் தேர் பார்க்கப் போனோம். நேர்த்திக்கடன் இருக்கிறது, உருவத் தகடு வாங்க வேண்டும் என்றாள். நோய் கண்ட உறுப்பை வெள்ளித் தகட்டில் வாங்கி அம்மன் காலடியில் வைப்பது எங்களில் பழைய வழக்கம். கடைக்காரர் தட்டில் கண் இருந்தது, கை இருந்தது, கால் இருந்தது, தொட்டில்கூட இருந்தது. இதயம் இல்லை.

"இதயம் யாரும் கேக்குறதில்லம்மா," என்றார் கடைக்காரர். "முழு ஆளா வாங்கிட்டுப் போங்க. இதயம் உள்ளுக்குத்தானே இருக்கு."

"உள்ளுக்கு இருக்குன்னு அம்மனுக்குத் தெரியுமா?"

"அவளுக்குத் தெரியாததா? எடையும் கூட, புண்ணியமும் கூட."

சேலை கட்டிய பெண் உருவம் ஒன்றை வாங்கினோம். அதை அவள் இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு வரிசையில் நின்றாள். நலமாக இருந்ததற்கு நன்றி செலுத்துகிறாள் என்று நினைத்தேன். நானும் கும்பிட்டேன்.

அன்றைக்கே அமியோடரோனை நிறுத்திவிட்டாள். இது எனக்கு ஆடி மாதம்தான் தெரிந்தது.

அம்மை போட்டால் மருந்து கொடுக்கக் கூடாது என்பது அவள் வளர்ந்த லயத்தில் எல்லோரும் கைக்கொண்ட விதி. வந்திருப்பவள் அம்மா, அவளாக இறங்கிப் போக வேண்டும், இடையில் மருந்து கொடுத்தால் கோபித்துக்கொள்வாள். வேப்பிலையும் இளநீரும்தான். அந்த விதியை அவள் இதயத்துக்கும் நீட்டிக்கொண்டாள். உருவத்தை அம்மனிடம் ஒப்படைத்த பிறகு மாத்திரையும் சாப்பிட்டால், கொடுத்ததைத் திருப்பிக் கேட்பதாகும். வார்ஃபரினை மட்டும் விடவில்லை. அதற்கு மாதந்தோறும் கிளினிக்கில் இரத்தம் எடுத்துப் பார்ப்பார்கள், பிடிபட்டுவிடும் என்று அவளுக்குத் தெரியும்.

பங்குனியில் ஒன்றும் ஆகவில்லை. சித்திரையிலும் இல்லை. உடம்பில் தேங்கிய மருந்து சொட்டுச் சொட்டாக வடிந்துகொண்டிருந்தது. அம்மன் காப்பாற்றுகிறாள் என்று அவள் நாளுக்கு நாள் உறுதியானாள். முகத்தில் மருந்தால் படிந்த கறுப்பு மங்கியது. "பாத்தீங்களா, கலர் திரும்புது," என்று கண்ணாடியில் காட்டினாள். வெசாக் போயா, அந்தப் பௌர்ணமிக்கு மறுநாள் மிளகுப் பாயை என் கையிலிருந்து பிடுங்கி அவளே விரித்தாள். அந்த நாட்களில் அவளைப் பார்க்க எனக்குச் சந்தோஷமாக இருந்தது என்பதையும் எழுத வேண்டும்.

ஆனால் வைகாசிக் கிளினிக்கில் இரத்தம் உறையும் அளவு மாறியிருந்தது. வார்ஃபரின் வேலை செய்வது குறைகிறது என்றார்கள். அமியோடரோன் கூட இருக்கும்வரை வார்ஃபரினின் வலு கூடுதலாக இருக்கும், அது குறையக் குறைய இதுவும் தளரும். அப்படி யாரும் யோசிக்கவில்லை. தாதி, "கீரை நிறையச் சாப்பிட்டீங்களா?" என்று கேட்டார்.

"ஆமா, வல்லாரை," என்றாள் அவள் உடனே.

வார்ஃபரின் அளவைக் கூட்டினார்கள். அடுத்த மாதம் மறுபடியும் கூட்டினார்கள். வீட்டில் வல்லாரை நின்றது. பிறகு பொன்னாங்காணியும் முருங்கையும் நின்றன. கீரை இல்லாத சோற்றை அவள் ஒரு குறையும் சொல்லாமல் சாப்பிட்டாள்.

ஆடியில் கொழும்பிலிருந்து மகள் பிள்ளைகளோடு வந்தாள். பிள்ளைகளுக்குச் சீகிரியா மலைக்கோட்டை பார்க்க ஆசை. அவர்கள் மேலே ஏற, நானும் மனைவியும் கீழே மரத்தடியில் இருந்தோம். அவள் எந்தப் படியிலும் கால் வைக்கவில்லை. தண்ணீர்ப் போத்தலைத் திறக்கத் தெரியாதவள்போல அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்ன செய்யுது?"

"ஒண்ணுமில்லீங்க."

"கோழியா?"

போத்தலை மடியில் வைத்தாள். பிறகு, "நாலு நாளாவே இருக்கு," என்றாள். "அம்மன் சோதிக்கிறான்னு நெனச்சேன்."

அந்த மரத்தடியில்தான் முழுவதையும் சொன்னாள். மூச்சு வாங்கி வாங்கிச் சொன்னாள். அங்கே நின்ற த்ரீவீல்காரரிடம் சொல்லி அவளைப் பக்கத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனேன், அங்கிருந்து ஆம்புலன்ஸில் மாத்தளைக்கு மாற்றினார்கள். வழியெல்லாம் அவளை ஏசினேன், மகளுக்கும் போன் பண்ணினேன். நுரையீரலில் நீர் கோத்திருந்தது.

டாக்டர் அதே டாக்டர்தான். மாத்திரையை ஏன் நிறுத்தினாள் என்று கேட்டார். நேர்த்தி என்பதற்குச் சிங்களத்தில் 'பார' என்பார்கள், அந்தச் சொல்லைச் சொன்னேன். அவர் கோபப்படவில்லை. தன் அம்மாவும் கதிர்காமத்துக்குப் பார வைப்பவர்தான், ஆனால் மருந்தையும் சாப்பிடுவார் என்றார். இதை அவளுக்குச் சொன்னேன்.

"அவங்க அம்மாவுக்கு நம்பிக்கை பத்தல," என்றாள், மூக்கில் ஒட்சிசன் குழாயோடு.

மருந்தை மறுபடி தொடங்கலாம் என்றுதான் நானும் நினைத்தேன். இரத்தம் உறையும் அளவு சீராக இருந்தால் சில வாரங்களில் கண்டிக்கு அனுப்பி மின்னதிர்வு கொடுத்து இதயத்தை ஒழுங்குக்குக் கொண்டுவரலாம் என்ற பேச்சும் இருந்தது. ஆனால் கழுத்துச் சுரப்பிக்கான இரத்தப் பரிசோதனை வந்தபோது அது கெட்டிருந்தது. முன்பு சாப்பிட்ட மாத்திரை கெடுத்தது. கெட்ட சுரப்பியே இதயத்தை விரட்டியிருக்கவும் கூடும் என்றார் டாக்டர். அப்படியானால் நிறுத்தாமலிருந்தாலும் இது வந்திருக்குமா என்று கேட்டேன். சொல்ல முடியாது என்றார். இதயத்தின் மேலறையும் வீங்கிவிட்டதாம். சுரப்பிக்கு வைத்தியம் பார்த்தாலும், மின்னதிர்வு கொடுத்தாலும் ஒழுங்கு நிலைக்காது. அமியோடரோன் இனிமேல் வேண்டாம். வேகத்தைக் குறைக்க வேறு மாத்திரை, வார்ஃபரின், நீர் வடிய ஒன்று. நடுக்கம் நடுக்கமாகவே இருக்கும், அதோடுதான் வாழ வேண்டும்.

அவளுக்கு இதைத் தமிழில் சொல்ல எனக்கு நேரமெடுத்தது. 'நிலைக்காது' என்ற சொல்லை விட்டுவிட்டுச் சொன்னேன். வீட்டுக்கு அனுப்பிய நாளில் பஸ் நிலையத்தில் உட்கார்ந்திருந்தபோது அவள் கேட்டாள்.

"நா நிறுத்தினதுக்கு அந்த ஏச்சு ஏசுனீங்க. இப்ப அவரே நிறுத்திட்டாரே?"

"அது வேற, இது வேற."

"என்ன வேற? நா நல்லாயிட்டேன்னு நிறுத்தினேன். அவரு இனி ஆகாதுன்னு நிறுத்துறாரு. அதானே?"

அவளுக்குச் சிங்களம் தெரியும் என்பது எனக்கு மறந்துபோயிருந்தது. அறைக்குள் அவர் பேசியதெல்லாம் விளங்கியிருக்கிறது. பலாபத்வல பஸ் திரும்பி உள்ளே வந்தது.

"அம்மனும் விட்டுட்டா, டாக்டரும் விட்டுட்டாரு," என்றாள், யாரையும் பார்க்காமல். "நீங்க?"

"பஸ் வருது. எந்திரி," என்றேன்.

ஒரு தடவையில் எழும்ப முடியவில்லை. இரண்டாவது தடவை என் தோளைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். கண்டக்டர் சீக்கிரம் ஏறச் சொல்லிச் சிங்களத்தில் கத்தினார். அவள் அதே மொழியில், வழக்கமான கடைத்தெருக் குரலில், இதயம் மெதுவாகத்தான் வரும், கொஞ்சம் பொறு என்று திருப்பிச் சொன்னாள். முன்னிருக்கையில் ஒரு பெண் எழுந்து இடம் கொடுத்தார். நான் பக்கத்தில் நின்றுகொண்டே வந்தேன்.