சிவப்பு மை

ஜெயவேலைப் பற்றி எழுத என்னை விட்டால் ஆளில்லை. வேறு யாருக்கும் அவரைத் தெரியாது. துறைமுகத்தில் கன்டெய்னர் எண்களைச் சரிபார்த்து எழுதும் வேலை, எர்ணாவூரில் ஒற்றை அறை. ஐம்பத்திரண்டு வயது, கல்யாணம் இல்லை, கூடப் பிறந்தவர்கள் இல்லை. அம்மா போன பிறகு சாப்பிட்டாயா என்று கேட்கக்கூட ஒருவரும் கிடையாது. பொங்கலன்று தன் வீட்டுக் கதவைத் தட்டியது சிலிண்டர்காரர் மட்டும்தான் என்று ஒருமுறை சிரித்துக்கொண்டே சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

நான் ஷம்ஷாத். ராயபுரத்தில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். கடைக்கு வருகிறவர்களுக்குத் தெரியாத இன்னொரு வேலையும் எனக்கு உண்டு. இந்த வடசென்னைக்குள் கண்ணுக்குப் படாத ஊர்கள் பதினேழு இருக்கின்றன. அவற்றுக்குப் படம் போடும் ரகசியச் சங்கம் எங்களுடையது.

படத்தை ஒருவர் வரைவார். அதன் நகலோடு உள்ளே போய் இன்னொருவர் சரிபார்ப்பார். இருவரும் ஒருவரையொருவர் அறியக் கூடாது. நடுவில் வாங்கிக் கொடுப்பது நான். அந்த ஊர்களில் போன வழியே திரும்ப முடியாது. அதனால் போகும் வழிக்குக் கறுப்பு மை, திரும்பும் வழிக்குச் சிவப்பு மை. என்னுடைய மெஷின் பழசு, கறுப்பு மட்டும்தான் விழும். சங்கத்துப் படம் என்றால் சிவப்பும் விழுந்துவிடும். மூலத்தில் ஒரு கோட்டைத் திருத்தினால், நகல் எங்கே இருந்தாலும் அதிலும் அந்தக் கோடு தானாகத் திருந்தும்.

கடைசி விதிதான் கொடுமை. படம் முழுக்கச் சரியாகிவிட்டால், வரைந்தவருக்கு மட்டும் அந்த ஊரின் வாசல் அடைபட்டுவிடும். ஏன் என்று என்னைக் கேட்காதீர்கள். விதி போட்ட மகராசர்களுக்குக் குடும்பம் குட்டி இருந்திருக்கும்.

ஜெயவேல் ஆறு ஊர்களை மளமளவென்று முடித்துக் கொடுத்தவர். ஏழாவது, 2002இல், எர்ணாவூர் ரயில்வே கேட் அருகே கிடைத்தது. கூட்ஸ் வண்டி போனதும், கேட் திறப்பதற்குள் தண்டவாளத்தைத் தாண்டினால் அந்த ஊர். அங்கே மழை தரையிலிருந்து கிளம்பி மேலே போகுமாம். அவர் அதைப் பெரிதாகச் சொல்லவில்லை. அங்கே ஒரு வீட்டு அம்மாள், யார் என்ன என்று கேட்காமல், "வந்துட்டியா, குந்து" என்று சோறு போட்டிருக்கிறார். அதைத்தான் திரும்பத் திரும்பச் சொன்னார். அடுத்த ஞாயிறும் போனார். அதற்கடுத்த ஞாயிறும்.

படத்தை முடித்தால் வாசல் அடைபடும். முடிக்காமலே இருந்தால் சங்கம் விடாது. அதனால் வேண்டுமென்றே ஒரு தப்பைப் போட்டுக் கொடுத்தார். 'மறுபடி அளக்கவும்' என்று திரும்பி வந்தது. இன்னும் இரண்டு மாதம் கிடைத்தது. அப்புறம் இன்னொரு தப்பு, இன்னும் இரண்டு மாதம். எனக்குப் புரிந்துதான் இருந்தது. போகட்டும், மனுஷன் நாலு வாய் நிம்மதியாகச் சாப்பிடட்டும் என்று வாயை மூடிக்கொண்டேன்.

மூன்றாம் முறையும் கறுப்பில் தப்பு இருந்தால் சந்தேகம் வரும் என்று சிவப்பில் போட்டார். மடத்தனம். கறுப்பு தப்பானால் ஆள் உள்ளே போக முடியாது. சிவப்பு தப்பானால் வெளியே வர முடியாது.

சரிபார்க்கப் போனவள் சங்கமித்ரா, வியாசர்பாடியில் பால்வாடி டீச்சர். சனிக்கிழமை காலையில் போனவள் ஞாயிறு மதியம் வரை வரவில்லை. அவள் அம்மா கடைக்கு மூன்று முறை போன் செய்துவிட்டார். நான் ஜெயவேலுக்கு ஆள் அனுப்பி வரவழைத்து, மூலப் படத்தை அவர் முன் விரித்தேன்.

"சிவப்புல இன்னாண்ணா பண்ணி வெச்ச?"

"ஆறாவது திருப்பத்த மாத்திட்டேன். அவங்க உள்ள போவறதுக்கு முன்னாடியே கண்டுபிடிச்சிடுவாங்கன்னு நெனச்சேன், ஷம்ஷாத்து."

"இப்பவே சரி பண்ணு."

அவர் பேனாவை எடுக்கவில்லை. "சரி பண்ணா நான் அப்பால அங்க போவ முடியாதே" என்றார்.

"அவ வர முடியாம கீறாளே, அது பரவால்லியா? அவளுக்கு வூட்ல தேட ஆளு கீது!"

சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று உறைத்தது. நாக்கைக் கடித்துக்கொண்டேன். அவர் கோபப்படவில்லை. "கரீட்டு தான்" என்று சொல்லிவிட்டுத் தப்புக் கோட்டைச் சுரண்டினார்; சிவப்புப் பேனாவை எடுத்து ஆறாவது திருப்பத்தை ஒரே இழுப்பில் சரியாகப் போட்டார்.

"அவங்க வர்றத மட்டும் பாத்துட்டுப் போயிடறேன்" என்று கெஞ்சினார். விதிப்படி கூடாது. விதியைத் தூக்கிக் குப்பையில் போடு என்று தோன்றியது. ஜெராக்ஸ் எடுக்க வந்தவர் மாதிரி ஸ்டூலில் உட்காரச் சொன்னேன்.

நாலு மணிக்குச் சங்கமித்ரா வந்தாள். புடவை நனைந்திருந்தது, கண் சிவந்திருந்தது. நகலை மேஜைமேல் வைத்தாள். சரி என்று கையெழுத்துப் போட்டிருந்தாள். அந்த ஊரில் ஜெயவேலின் கணக்கு முடிந்தது. நான் கொடுத்த தண்ணீரை மூச்சுவிடாமல் குடித்தாள்.

"பசில உயிரே போச்சுக்கா. ஒரு வூட்ல எல போட்டு, சுடச்சுட சோறு வெச்சினு ஒரு அம்மா குந்தினு கீது. நானு போய் குந்திட்டேன். 'ஏந்திரிம்மா, உனக்கு வேற எல போடறேன், இது எம்புள்ள எடம், ஞாயித்துக்கிழம கரீட்டா வந்துடுவான்'னு சொல்லிச்சு."

ஸ்டூலிலிருந்த ஜெயவேல் தலையைக் குனிந்துகொண்டார்.

"நான் வரச்சொலோ கூட வாசல்ல நின்னு பாத்துகினேதான் கீது. யாருக்கா அந்தாளு? இப்டியா ஒரு கெயவிய காக்க வெப்பாங்க?"